மக்கள் என்ற பெயரைச் சுமந்த மாண்டலே அம்மையார்

பர்மா என்று சொன்னால் நம் தோட்டத்துப் பெரியவர்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது சயாம் ரயில்தான். 1942, 1943 ஆம் ஆண்டுகளில் ஜப்பான்காரன் பிடித்துக்கொண்டு போன மலாயாத் தமிழர்கள் காட்டிலே தண்டவாளம் போட்டு, காலராவிலும் பட்டினியிலும் ஆயிரமாயிரமாகச் செத்தார்களே, அந்த ரயில் போய் முடிந்த இடம் பர்மாவில் உள்ள தன்பியூசாயத். நமக்கும் பர்மாவுக்கும் உள்ள உறவு அத்தோடு நின்றுவிட்டது. அந்த நாட்டிலே யார் எழுதினார்கள், எப்படி வாழ்ந்தார்கள், எதற்காகச் சிறைக்குப் போனார்கள் என்று நாம் கேட்டதும் இல்லை, நமக்கு யாரும் சொன்னதும் இல்லை.

ஆகவே இவ்வாண்டுப் பரிசளிப்பு விழா மலரிலே பர்மிய அம்மையார் ஒருவரைப் பற்றி எழுதலாம் என்று எண்ணினேன். அவர் பெயர் லூடு டாவ் அமார். எழுத்தாளர், பத்திரிகையாசிரியர், ஐந்து பிள்ளைகளைப் பெற்ற தாய். வயதான காலத்தில் ஏழைகளின் ஆஸ்பத்திரிச் செலவுக்கும் ஈமச் செலவுக்கும் ஒரு சங்கம் கண்டவர். 1915 ஆம் ஆண்டு நவம்பர் 29 ஆம் நாள் பிறந்து, 2008 ஆம் ஆண்டு ஏப்ரல் 7 ஆம் நாள் மறைந்தார். தொண்ணூற்றிரண்டு வயது வாழ்ந்த வாழ்க்கை.

பெயரைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் பிள்ளைகள் குழம்பிப் போவார்கள். பர்மியர்களுக்கு நம்மைப் போல அப்பா பெயரை முன்னால் போடும் வழக்கம் கிடையாது. குடும்பப் பெயரும் கிடையாது. ஒருவர் பெயருக்கு முன்னால் என்ன வருகிறதோ அதை வைத்து வயதும் மரியாதையும் தெரியும். இளம்பெண் என்றால் ‘மா’, பெரிய மனுஷி என்றால் ‘டாவ்’. இளைஞன் ‘கோ’, பெரியவர் ‘ஊ’. நாம் அக்கா, அம்மா, அண்ணே, ஐயா என்கிறோமே, அது மாதிரிதான். ஆக இவருடைய சொந்தப் பெயர் வெறும் அமார். ‘லூடு’ என்பது பின்னாலே வந்து ஒட்டிக்கொண்டது. அந்தச் சொல்லுக்குப் பர்மிய மொழியில் ‘மக்கள்’ என்று பொருள். அது எப்படி ஒட்டியது என்பதைப் பிறகு பார்ப்போம்.

அவர் பிறந்த ஊர் மாண்டலே. நம் மக்களுக்கு இந்த ஊர்ப் பெயர் புதிதல்ல. பால கங்காதர திலகரை ஆங்கிலேயன் நாடு கடத்தி ஆறு ஆண்டுகள் அடைத்து வைத்தது மாண்டலே சிறையில்தான். நேதாஜி சுபாஷ் சந்திர போஸும் அங்கே சிறையிருந்தார். திலகர் விடுதலையானது 1914 இல், அமார் பிறந்தது அதற்கு மறு ஆண்டு. பர்மாவின் கடைசி அரசன் தீபோ ஆண்ட தலைநகரமும் இதுவே. 1885 இல் ஆங்கிலப் படை வந்து அவனைப் பிடித்து, மாட்டுவண்டியில் ஏற்றிக் கப்பலுக்குக் கொண்டுபோய், இந்தியாவில் ரத்னகிரிக்கு அனுப்பியது. அமார் சிறுமியாக இருந்தபோது அந்தக் காட்சியைக் கண்ணால் பார்த்த கிழவர்கள் ஊரிலே எத்தனையோ பேர் உயிரோடு இருந்திருப்பார்கள். முப்பது ஆண்டு என்பது பெரிய இடைவெளியா என்ன?

குடும்பத் தொழில் புகையிலை வியாபாரம். பன்னிரண்டு பிள்ளைகளில் அமார் நான்காவது. பன்னிரண்டில் பிழைத்து வளர்ந்தவர்கள் ஆறே பேர். வசதியுள்ள வீட்டிலேயே இந்த நிலைமை என்றால், இல்லாதவன் வீட்டிலே எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் சேர்த்தது அமெரிக்க பாப்டிஸ்ட் மிஷன் பள்ளியில். பிறகு மாண்டலே தேசிய உயர்நிலைப் பள்ளிக்கு மாறினார். இந்த இடத்தைப் பெற்றோர்கள் கொஞ்சம் நிதானித்துப் படிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். 1920 ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் ரங்கூனில் மாணவர்கள் ஒரு பெரிய வேலைநிறுத்தம் செய்தார்கள். ஆங்கில அரசாங்கம் கொண்டுவந்த பல்கலைக்கழகச் சட்டம், பணமுள்ள சிலர் மட்டும் படிக்கத்தான் வழி செய்கிறது என்பது அவர்கள் குற்றச்சாட்டு. அந்தக் கிளர்ச்சியிலிருந்து பிறந்தவைதான் தேசியப் பள்ளிகள். அரசாங்கப் பள்ளியும் வேண்டாம், மிஷன் பள்ளியும் வேண்டாம், எங்கள் மொழிக்கும் எங்கள் வரலாற்றுக்கும் முதலிடம் கொடுக்கும் பள்ளியை நாங்களே நடத்திக்கொள்கிறோம் என்று ஊருக்கு ஊர் பணம் திரட்டித் தொடங்கினார்கள். பணமில்லாமல் பல பள்ளிகள் மூடப்பட்டன. நிலைத்து நின்றவற்றுள் மாண்டலே பள்ளி ஒன்று.

அந்தப் பள்ளியின் தலைமையாசிரியர் யார் தெரியுமா? ஊ ரசாக், அதாவது அப்துல் ரசாக். 1898 இல் மெய்க்திலா என்ற ஊரில் பிறந்தவர். தாயார் பர்மிய பௌத்தர், தந்தை தமிழ் முஸ்லிம் வழியினர். ஆமாம், நம்ம இரத்தம்தான். இஸ்லாமியராகப் பிறந்தவர், பாலி மொழியும் பௌத்த நூல்களும் கற்றவர், பர்மிய மொழிப் பள்ளிக்குத் தலைமையாசிரியர். இந்த மூன்றும் ஒரே மனிதருக்குள் சண்டையில்லாமல் இருந்தன. மாண்டலே ஊரார் அவரைத் தங்களில் ஒருவராகவே கொண்டாடினார்கள். பிற்காலத்தில் ஜெனரல் ஆங் சானின் இடைக்கால அமைச்சரவையில் அவர் கல்வி அமைச்சரானார். 1947 ஆம் ஆண்டு ஜூலை 19 ஆம் நாள், அமைச்சரவைக் கூட்டம் நடந்துகொண்டிருந்த அறைக்குள் துப்பாக்கிக்காரர்கள் புகுந்து சுட்டபோது ஆங் சானோடு ரசாக்கும் செத்தார். ரசாக்கின் மெய்க்காவலனாக இருந்த கோ டுவே என்ற பதினெட்டு வயதுப் பையனும் செத்தான். அந்த நாளை இன்றும் பர்மாவில் தியாகிகள் தினம் என்கிறார்கள்.

இப்படிப்பட்ட ஆசிரியரிடம் படித்த பெண் அமார். தாய்மொழிப் பள்ளியில் படித்தால் பிள்ளைக்கு ஆங்கிலம் வராது, முன்னுக்கு வராது என்று பதிவு நேரத்திலே தலையைச் சொறிந்துகொண்டு நிற்கும் பெற்றோர் நம்மிலும் உண்டு. அமார் அந்தத் தேசியப் பள்ளியில் தேறி, மாண்டலே இடைநிலைக் கல்லூரியில் அறிவியல் படித்து, பிறகு ரங்கூன் பல்கலைக்கழகம் போனார். 1938 இல், இருபத்து மூன்று வயதுகூட ஆகாதபோது, மாரிஸ் காலிஸ் என்ற ஆங்கிலேயர் எழுதிய ஒரு நூலைப் பர்மிய மொழியில் பெயர்த்துப் புகழ் பெற்றார். அந்த நூலைப் பற்றியும் இரண்டு வார்த்தை சொல்ல வேண்டும்.

காலிஸ் ரங்கூனில் மாஜிஸ்திரேட்டாக இருந்தவர். வெள்ளைக்கார நீதிபதி என்றால் வெள்ளைக்காரனுக்கு ஒரு நீதி, மற்றவனுக்கு ஒரு நீதி என்றிருந்த காலம். இவரோ, கார் ஓட்டிப் பர்மியப் பெண்களைக் காயப்படுத்திய ஆங்கில இராணுவ அதிகாரி ஒருவனுக்குச் சிறைத் தண்டனை விதித்தார். கல்கத்தா மேயர் சென்குப்தா அரசை எதிர்த்துப் பேசியதற்காக 1930 இல் இவர் முன் கொண்டுவரப்பட்டபோது, பத்தே நாள் தண்டனை கொடுத்தார். இரண்டுமே மேலே இருந்தவர்களுக்குப் பிடிக்கவில்லை. மாஜிஸ்திரேட் நாற்காலியிலிருந்து இவரை நகர்த்திவிட்டார்கள். அதே 1930 இல் ரங்கூன் துறைமுகத்தில் இந்தியக் கூலிகளுக்கும் பர்மியக் கூலிகளுக்கும் நடந்த பயங்கரக் கலவரத்தையும் அவர் அந்நூலில் எழுதியிருக்கிறார். வேலைநிறுத்தம் செய்த இந்தியருக்குப் பதிலாகப் பர்மியரைக் கொண்டுவந்தார்கள். வேலைநிறுத்தம் முடிந்ததும் பர்மியரை விரட்டினார்கள். இரு பக்கத்து ஏழைகளும் ஒருவரை ஒருவர் வெட்டிக்கொண்டார்கள். கப்பல் முதலாளிக்கு ஒரு கீறலும் இல்லை. இதைப் படித்த அமார், நம் மக்கள் நம் மொழியிலே படிக்கட்டும் என்று மொழிபெயர்த்தார். முதல் நூலுக்கு எதைத் தேர்ந்தெடுத்தார் பாருங்கள். காதல் கதை எழுதியிருக்கலாம். அந்த வயதுதானே!

இதற்கு முன்னாலேயே அவர் பெயர் ஊருக்குத் தெரிந்திருந்தது. 1936 பிப்ரவரியில் ரங்கூன் பல்கலைக்கழகத்தில் இரண்டாவது பெரிய மாணவர் போராட்டம் வெடித்தது. மாணவர் சங்கத் தலைவர் நூவை, நிர்வாகத்தைக் குறைகூறிப் பேசினார் என்று வெளியேற்றினார்கள். சங்கப் பத்திரிகையின் ஆசிரியர் ஆங் சானை, அதில் வந்த ஒரு கட்டுரையை யார் எழுதியது என்று சொல்ல மறுத்ததற்காக வெளியேற்றினார்கள். நூற்றுக்கணக்கான மாணவர்கள் தேர்வைப் புறக்கணித்து, சுவேடகோன் பொற்கோயில் படிகளிலும் மண்டபங்களிலும் போய்த் தங்கிவிட்டார்கள். அங்கே பெண்களை முன்னின்று நடத்தியவர்களில் மாண்டலேயிலிருந்து வந்த இரண்டு மாணவிகள் முக்கியமானவர்கள். ஒருவர் எம்.ஏ. மா ஓன், மற்றவர் மா அமார். வயசுப் பெண்கள் வீட்டைவிட்டு வெளியே தங்கிப் போராடுவது 1936 இல் சாதாரண விஷயமில்லை. ஊரார் சோறு கொண்டுவந்து கொடுத்தார்கள். நூ பின்னாளில் பர்மாவின் பிரதமரானார். ஆங் சான் தேசத்தின் தந்தையானார்.

அந்தப் போராட்டத்துக்கு ஆதரவாக நின்றவர்களில் ரங்கூன் நகராட்சியில் வேலை பார்த்த ஓர் இளைஞர் இருந்தார். பெயர் ஊ ஹ்லா. 1933 முதல் ‘வளர்ச்சி’ என்று பொருள்படும் ஓர் இதழைச் சொந்தமாக நடத்திவந்தவர். கல்யாணம் 1939 இல் நடந்தது. மாப்பிள்ளை ரங்கூன் வேலையை விட்டுவிட்டு, இதழையும் தூக்கிக்கொண்டு, பெண்ணின் ஊரான மாண்டலேக்குக் குடிவந்துவிட்டார். வீட்டோடு மாப்பிள்ளை என்று நம்மூரிலே கேலி செய்வோம். ஆனால் அந்த இருவரும் அடுத்த நாற்பத்து மூன்று ஆண்டுகள் ஒரே மேசையின் இரு பக்கம் உட்கார்ந்து எழுதினார்கள்.

யுத்தம் வந்தது. 1942 ஏப்ரல் 3 ஆம் நாள் ஜப்பான் விமானங்கள் மாண்டலே மேல் குண்டு போட்டன. மரவீடுகள் நிறைந்த நகரம், பற்றி எரிந்து பெரும்பகுதி சாம்பலாயிற்று. அதே மாதங்களில் பர்மாவிலிருந்த இந்தியர்கள், தமிழர்கள் உட்பட, இலட்சக்கணக்கில் மலையும் காடும் தாண்டி நடந்தே இந்தியாவுக்குப் போனார்கள். வழியில் செத்தவர்களுக்குச் சரியான கணக்கே கிடையாது. அமார் குடும்பம் நகரத்தை விட்டு நாட்டுப்புறம் ஓடியது. அங்கேயும் எழுத்தை விடவில்லை.

1945 இல் யுத்தம் முடிந்ததும் கணவனும் மனைவியும் மாண்டலேயில் ஒரு பத்திரிகை தொடங்கினார்கள். அதன் பெயர்தான் ‘லூடு’. முதலில் மாதம் இருமுறை, மறு ஆண்டு, 1946 முதல், தினசரி. தலைநகரம் ரங்கூன், பெரிய பத்திரிகைகள் எல்லாம் ரங்கூனில். மேல் பர்மா மக்களுக்கு மாண்டலேயிலிருந்து ஒரு குரல் வேண்டும் என்பது இவர்கள் எண்ணம். பத்திரிகை எவ்வளவு ஊன்றிப் போயிற்று என்றால், ஜனங்கள் அவரை லூடு ஊ ஹ்லா என்றும் இவரை லூடு டாவ் அமார் என்றும் அழைக்கத் தொடங்கினார்கள். இருவருக்கும் அதுவே பெயராக நிலைத்துவிட்டது. அரசாங்கம் கொடுத்த பட்டமல்ல, யாரும் விழா எடுத்துக் கொடுத்ததுமல்ல.

அந்தப் பெயருக்குக் கொடுத்த விலையும் உண்டு. 1948 ஜனவரி 4 இல் பர்மா சுதந்திரம் பெற்றது. பெற்ற கையோடு உள்நாட்டுச் சண்டை. கம்யூனிஸ்டுகள் ஒருபுறம், கரேன் மக்கள் ஒருபுறம், அரசாங்கப் படை ஒருபுறம். லூடு பத்திரிகை இடதுசாரிச் சாய்வு கொண்டது என்பது எல்லாருக்கும் தெரியும். ஒருநாள் காலையில் ஆயுதக் கும்பல் ஒன்று ஜீப்புகளில் வந்து இறங்கி, வீட்டிலிருந்த அத்தனை பேரையும் வெளியே இழுத்து, கைகளைத் தூக்கச் சொல்லித் தெருவோரம் வரிசையாக நிறுத்தியது. அந்த வரிசையில் கர்ப்பிணிப் பெண்கள் இருந்தார்கள், குழந்தைகள் இருந்தார்கள். சுடத்தான் போகிறார்கள் என்ற நேரத்தில் அக்கம்பக்கத்துச் சனங்களும் புத்த பிக்குகளும் ஓடிவந்து குறுக்கே நின்றார்கள். உயிர் தப்பியது. அச்சகக் கட்டடத்தைத்தான் வெடிவைத்துத் தகர்த்துவிட்டுப் போனார்கள். மறுபடியும் அச்சகம் வைத்தார்கள், மறுபடியும் பத்திரிகை வந்தது.

அவருடைய அரசியலை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும் என்பதில்லை. இங்கேயும் அதே 1948 இல் அவசரகாலம் பிறப்பிக்கப்பட்டு, தோட்டத்து ஜனங்கள் முள்வேலிக்குள் அடைபட்டுக் கிடந்ததை நம் தாத்தா பாட்டிகள் சொல்லக் கேட்டிருக்கிறோம். இரு பக்கமும் இடிபட்டவர்கள் ஏழைகள்தான். நான் இங்கே சொல்ல வருவது அந்த அம்மையாரின் கொள்கையை அல்ல, அவர் பட்டதையும் செய்ததையும்தான்.

1953 இல் அவர் கோப்பன்ஹேகனில் நடந்த உலகப் பெண்கள் மாநாட்டுக்கும், புடாபெஸ்டில் நடந்த சமாதான மாநாட்டுக்கும், புக்காரெஸ்டில் நடந்த இளைஞர் விழாவுக்கும் போய்வந்தார். அதே ஆண்டு அக்டோபரில், பத்திரிகையில் வந்த ஒரு செய்திக்காக ஊ ஹ்லாவைத் தேசநிந்தனைக் குற்றம் சாட்டிப் பிடித்துப் போனார்கள். ரங்கூன் மத்திய சிறையில் மூன்று ஆண்டுக்கு மேல். வீட்டிலே ஐந்து பிள்ளைகள், கடைசிப் பிள்ளை மிகச் சிறு குழந்தை. அச்சகத்திலே கூலி கேட்கும் தொழிலாளிகள், கடையிலே காகிதக் கடன், மறுநாள் காலை வந்தாக வேண்டிய தினசரி. அத்தனையும் அம்மா தலையில் விழுந்தது. பால் மரத்துக்கும் போய், வீட்டையும் பார்த்து, புருஷன் இல்லாத குடும்பத்தை இழுத்த தாய்மார் நம்மிடையே இருந்தார்கள். அவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பத்திரிகை நிற்கவில்லை.

ஊ ஹ்லா உள்ளே சும்மா இருந்தாரா? கூட இருந்த கைதிகளிடம், திருடன், கொலைகாரன், சீட்டாட்டக்காரன் எவனானாலும் சரி, உட்காரவைத்து அவனவன் வாழ்க்கைக் கதையைக் கேட்டு எழுதினார். 1957 ஜனவரியில் வெளியே வந்தபின் அவை நூல்களாயின. கூண்டுப் பறவைகள் என்ற கருத்தில் பெயரிட்ட ஒரு நூலுக்கு 1958 இல் யுனெஸ்கோ பரிசு கிடைத்தது. பின்பு அவர் ஷான், கச்சின், கரேன் என்று பர்மாவின் பல இன மக்களிடமும் போய் நாட்டுப்புறக் கதைகளைத் திரட்டி, நாற்பதுக்கும் மேற்பட்ட தொகுதிகளாக வெளியிட்டார்.

அம்மையாரின் எழுத்துகளில் எனக்கு முக்கியமாகப் படுவது கலைஞர்களைப் பற்றி அவர் எழுதியவை. பர்மாவிலும் கூத்தாடி என்றால் ஒருபுறம் கைதட்டுவார்கள், மறுபுறம் பெண் கொடுக்க யோசிப்பார்கள். விடிய விடிய ஆடும் நாடகக்காரர்கள், பொம்மலாட்டக்காரர்கள், இருபத்தொரு மத்தளங்களை வட்டமாக வைத்து நடுவில் உட்கார்ந்து வாசிக்கும் வாத்தியக்காரர்கள், இவர்களுடைய வாழ்க்கையை யாரும் ஏட்டில் எழுதி வைக்கவில்லை. அவர்கள் செத்தால் கலையும் கதையும் சேர்ந்து செத்துப்போகும். அமார் அம்மையார் அவர்களைத் தேடிப்போய், வீட்டாரைக் கேட்டு, குருவைக் கேட்டு, எதிரியையும் கேட்டு எழுதினார். ‘மக்கள் நேசித்த கலைஞர்கள்’ என்ற பொருளில் தலைப்பிட்ட அவர் நூலுக்கு 1964 ஆம் ஆண்டின் இலக்கியப் பரிசு கிடைத்தது. நம் தோட்டத்துக் கோயில் திருவிழாக்களில் கூத்துக் கட்டியவர்கள், தப்படித்தவர்கள் பெயர்களை யார் எழுதி வைத்தோம்? பாட்டன்மார் உயிரோடு இருக்கும் வீட்டுப் பிள்ளைகள் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு இன்றைக்கே உட்காரலாம்.

1962 இல் ஜெனரல் நே வின் ஆட்சியைப் பிடித்தார். பத்திரிகைகள் ஒவ்வொன்றாக அரசாங்கத்தின் கைக்குப் போயின, அல்லது மூடப்பட்டன. லூடுவின் முறை 1967 ஜூலை 7 இல் வந்தது. இருபது ஆண்டுக்கு மேல் தினசரியாக வந்த பத்திரிகை அன்றோடு முடிந்தது.

பத்திரிகையை இழந்தது பெரிய இழப்பல்ல என்று சொல்லும்படி, அந்த ஆண்டுகளில் வீட்டிலே விழுந்த இடிகள் இருந்தன. இரண்டாவது மகன் போ தன் ஜாவ்ங் மாண்டலேயில் பல்கலைக்கழக மாணவனாக இருந்தபோது 1966 இல் கைதானான். 1972 வரை சிறை; அதில் ஒரு பகுதி கடல் நடுவே கொக்கோ தீவில். மூத்த மகன் சோ வின் காட்டுக்குப் போய்க் கம்யூனிஸ்டுப் படையில் சேர்ந்திருந்தான். 1967 இல் அவன் இறந்தான். எதிரியின் குண்டுக்கு இறந்திருந்தால்கூட ஒரு ஆறுதல். சீனத்தில் நடந்த கலாசாரப் புரட்சியைப் பார்த்துவிட்டு, பெகு மலைக்காட்டில் இருந்த கட்சிக்காரர்கள் தங்களுக்குள்ளேயே துரோகி என்று பட்டம் கட்டிக் கொன்றுகொண்டார்கள். அதிலே சொந்தக் கட்சிக்காரர் கையாலேயே அந்தப் பையன் செத்தான். பெற்ற தாய் யாரை நோவது? அரசாங்கத்தையா, கட்சியையா? அரசாங்கம் ஒரு மகனைத் தீவில் வைத்திருந்தது. கட்சி ஒரு மகனைக் கொன்றுவிட்டது.

கதை அத்தோடும் விடவில்லை. விடுதலையாகி வந்த இரண்டாவது மகன் 1976 இல் தலைமறைவாகி, அவனும் கட்சிக்குப் போய்விட்டான். அதற்காக 1978 இல் அம்மாவையும் அப்பாவையும் கடைசி மகனையும் பிடித்து அடைத்தார்கள். அம்மையாருக்கு அப்போது அறுபத்திரண்டு வயது. 1982 ஆகஸ்டு 7 இல் ஊ ஹ்லா காலமானார். கடைசி மகன், நீ பூ லே என்ற பெயரில் சிறுகதை எழுதிப் பேர் வாங்கியவர், 1990 டிசம்பரில் மறுபடியும் கைதாகிப் பத்தாண்டுத் தண்டனை பெற்றார். 1999 பிப்ரவரியில்தான் வெளியே வந்தார்.

இத்தனைக்கும் நடுவில் கிழவி எழுதிக்கொண்டே இருந்தார். ‘அம்மாவின் பழங்காலச் சொற்கள்’ என்று சொல்லக்கூடிய தலைப்பில் பழைய பழக்கவழக்கங்களைப் பற்றி, சாப்பாட்டைப் பற்றி, உடையைப் பற்றி, மாண்டலே மனிதர்களைப் பற்றி எழுதினார். இளசுகளைக் கண்டிப்பதில் கொஞ்சம் அதிகப்படி. பெண்பிள்ளைகள் லுங்கியை விட்டுக் கால்சட்டை போடுவதெல்லாம் அவருக்கு ஆகாது. பதினெட்டு இருபது வயதில் வீட்டை விட்டுக் கோயில் படியில் தங்கிப் போராடிய பெண்மணி, வயதான பின் அடுத்த வீட்டுப் பெண்ணின் உடையைக் குறை சொல்வானேன் என்று எனக்குத் தோன்றுவதுண்டு. பாட்டிமார் எல்லா நாட்டிலும் ஒன்றுதான் போலிருக்கிறது. ஆனாலும் இளம் எழுத்தாளர்கள் அவரை அம்மா என்றே அழைத்தார்கள். அவர் பிறந்தநாள் வந்தால் அமரபுரத்தில் ஏரிக்கரையோரம் உள்ள தௌங்லேலோன் மடாலயத்தில் நாட்டின் பல பக்கத்திலிருந்தும் எழுத்தாளர்களும் ஓவியர்களும் கூடினார்கள்.

இனி அவர் செய்த அறப்பணிக்கு வருவோம்.

1990களில் பர்மாவில் அரசாங்க ஆஸ்பத்திரி இருந்தது, டாக்டர் இருந்தார். ஆனால் மருந்து, ஊசி, கையுறை, கட்டுத்துணி எல்லாம் நோயாளியின் வீட்டார் வெளியே கடையில் வாங்கி வந்து கொடுக்க வேண்டும். காசில்லாதவன் கட்டிலில் படுத்துக் கூரையைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதுதான். செத்தாலோ இன்னொரு தொல்லை. பெட்டிக்குக் காசு, வண்டிக்குக் காசு, சுடுகாட்டுக்குக் காசு. விலைவாசி ஏறிக்கொண்டே போன காலம் அது. பிணத்தை எடுக்க வழியில்லாமல் கடன் வாங்கி, அந்தக் கடனைக் கட்ட இருக்கிற ஒரு தட்டுமுட்டுச் சாமானையும் விற்ற குடும்பங்கள் எத்தனையோ.

1998 இல், எண்பது வயதைத் தாண்டிய அமார் அம்மையார் மாண்டலேப் பெரியவர்களோடு சேர்ந்து ஒரு சங்கம் கண்டார். பெயர் ‘பியாமசோ’. பௌத்தத்தில் பிரம்ம விகாரம் என்று நான்கு குணங்களைச் சொல்வார்கள்: அன்பு, இரக்கம், பிறர் மகிழ்ச்சியில் மகிழ்தல், சமநிலை. அதிலிருந்து வந்த பெயர் இது. நம் காதுக்கும் பழகிய சொல்தான். சங்கத்தின் வேலை, ஏழை நோயாளிகளின் ஆஸ்பத்திரிச் செலவுக்கு உதவுவது, செத்துப்போனவரை மரியாதையாக அடக்கம் செய்ய வழி பண்ணுவது. எந்த மதம், எந்த இனம் என்ற கேள்விக்கு இடமில்லாமல், ஊரார் கொடுத்த காசில் ஊரார் செய்த வேலை.

தோட்டத்துக்காரர்களாகிய நமக்கு இது நன்றாகப் புரியும். லயத்திலே ஒரு சாவு விழுந்தால் வீட்டுக்கு வீடு வெள்ளி பிரித்துக் காரியத்தை முடிப்பது நம் வழக்கம். மரண உதவி நிதி என்று மாதாமாதம் கட்டி வைத்த தோட்டங்களும் உண்டு. ஆனால் பர்மாவில் பிணத்தைத் தொடும் வேலைக்கு ஒரு இழிவும் ஒட்டிக்கொண்டிருந்தது. சுடுகாட்டில் வேலை செய்பவனைத் தள்ளி வைத்துத்தான் பார்ப்பார்கள். அவனைக் குறிக்க ‘சண்டாள’ என்ற நாமறிந்த அதே சொல் பர்மிய மொழியிலும் இருக்கிறது. அப்படிப்பட்ட வேலைக்கு, நாடே அறிந்த ஓர் எழுத்தாளர் தம் பெயரைக் கொடுத்து முன்னால் நின்றார் என்பது சின்ன விஷயமில்லை. பெயர் மட்டும்தானே கொடுத்தார் என்று யாராவது கேட்கலாம். அந்த வயதில், இராணுவ ஆட்சியில், நாலு பேர் கூடினாலே சந்தேகப்படும் நாட்டில், பெயரைக் கொடுப்பதுதான் கஷ்டமான பகுதி. பணம் பின்னாலே தானாக வரும்.

மூன்று ஆண்டு கழித்து, 2001 இல், ரங்கூனிலும் இலவச ஈமச்சேவைச் சங்கம் தொடங்கியது. அதை முன்னின்று நடத்தியவர் ஜோ தூ என்ற சினிமா நடிகர். கதாநாயகனாக நடித்தவர் பிண வண்டியை ஓட்டிக்கொண்டு போவதைப் பார்த்து ஜனங்கள் மூக்கில் விரல் வைத்தார்கள். பிறகு அவர்களே காசு கொண்டுவந்து கொடுத்தார்கள்.

2008 ஏப்ரல் 7 ஆம் நாள் அம்மையார் மாண்டலேயில் கண்மூடினார். தெருவெல்லாம் ஜனம். பிக்குகள், மாணவர்கள், பத்திரிகைக்காரர்கள், பெயர் தெரியாத ஏழைகள் என்று ஆயிரக்கணக்கானோர் வந்தார்கள். கடைசி மகன் நீ பூ லே விடுதலையாகி ஒன்பது ஆண்டாகியிருந்தது. மூத்தவன் செத்து நாற்பது ஆண்டு கடந்திருந்தது. நடுவிலவர் போ தன் ஜாவ்ங் அப்போதும் நாட்டுக்கு வெளியே, சீனத்தில், திரும்பிவர முடியாதவராக இருந்தார்.

அதற்கு இருபத்தைந்து நாள் கழித்து, மே 2 ஆம் நாள் இரவு, நார்கிஸ் புயல் ஐராவதி முகத்துவாரத்தில் அடித்தது. செத்தவர்களும் காணாமற் போனவர்களும் ஒரு இலட்சத்து முப்பதாயிரத்துக்கு மேல். இராணுவ அரசாங்கம் வெளிநாட்டு உதவியை வாரக்கணக்கில் வாசலில் நிறுத்தி வைத்தது. அந்த வாரங்களில் அரிசி மூட்டையும் தண்ணீரும் துணியும் ஏற்றிக்கொண்டு, சோதனைச் சாவடிகளைத் தாண்டிக் கிராமங்களுக்குப் போன லாரிகள் சாதாரண ஜனங்களுடையவை. ரங்கூன் ஈமச்சேவைச் சங்கத்துக்காரர்களும் அவர்களோடு போனார்கள்.